பெஸ் 6ல் எங்கள் தோட்டத்து அணி: ஜெர்சியில் தமிழ்ப் பெயர் வர வழி உண்டா?

நாலாம்டிவிஷன் (பெஸ்தாரி ஜெயா):

வணக்கம். பெஸ்தாரி ஜெயாவிலிருந்து எழுதுகிறேன். 2007லேயே ஊர்ப் பெயர் மாறிவிட்டது, ஆனாலும் எங்கள் வீட்டில் இன்னமும் பத்தாங் பெர்ஜுந்தைதான். ரொம்ப நாளாக இங்கே வாசிப்பதோடு சரி, எழுதுவது இதுதான் முதல் தடவை. கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

என்னிடம் பெஸ் 6 இருக்கிறது. 2006ல் கொனாமி வெளியிட்ட புரோ எவல்யூஷன் சாக்கர் 6 என்ற கால்பந்து கேம், கம்ப்யூட்டர் பதிப்பு. அதில் என் அப்பா ஆடிய தோட்டத்து அணியைக் கொண்டுவர வேண்டும்.

அப்பா எண்பதுகளில் எங்கள் ரப்பர் தோட்டத்து நாலாம் டிவிஷன் (லீக் இல்லை, தோட்டத்தின் நாலாவது பிரிவு) அணியின் கோல்கீப்பர். மலேசியக் கோல்கீப்பர் 'ஸ்பைடர்மேன்' ஆறுமுகத்தைப் பார்த்துத்தான் கோல்கம்பத்துக்கு நடுவே போய் நின்றாராம். 1988 டிசம்பரில் ஆறுமுகம் கார் விபத்தில் இறந்த செய்தி வந்ததும், அப்பா இரண்டு நாள் பெரட்டுக்கே (விடியற்காலையில் தோட்டத்து வேலைக்குப் பெயர் கொடுக்கும் இடம்) போகவில்லை என்று அம்மா சொல்வார். இப்போது அங்கே எங்கள் வரிசை வீடுகளான லயமும் இல்லை, திடலும் இல்லை. பால்மரத்தை வெட்டிச் செம்பனை வைத்தார்கள், அப்புறம் செம்பனையையும் வெட்டி வீடு கட்டினார்கள். எங்களிடம் மிச்சம் இருப்பது ஒரு குழுப்படம்தான். பதினாறு பேர், முன்வரிசையில் ஒரு பந்து, ஓரத்தில் யாரோ ஒருவரின் சைக்கிள் சக்கரம் பாதி.

தீபாவளிக்கு அந்தப் பதினாறு பேரில் ஐந்து பேர் எங்கள் ஹாலில் உட்கார்ந்திருப்பார்கள். அவர்கள் கண் முன்னால் அந்த அணி திரையில் இறங்க வேண்டும். அதுதான் என் ஆசை.

இந்த ஆட்டத்தைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. பெஸ் 6 வெளிவரும்போது ஜெர்மனி புண்டஸ்லிகா உரிமம் கொனாமியின் கையில் இல்லை. பாயர்ன் மியூனிக் மட்டும் இருந்தது. அந்த லீக் இருக்க வேண்டிய இடத்தில் பெயரில்லாத 18 அணிகளை வைத்து, நீங்களே எடிட் செய்துகொள்ளுங்கள் என்று விட்டுவிட்டார்கள். உலகம் முழுக்க ரசிகர்கள் அதில் தங்கள் ஊர் லீக்கை நிரப்பினார்கள். எனக்கு அந்த 18ல் ஒன்று போதும்.

இதுவரை செய்தது: ஆட்டத்தை இன்ஸ்டால் செய்து, ஜெர்சியை மாற்ற உதவும் கிட்சர்வர் 6 மென்பொருளைப் போட்டு, காலி அணிகளில் ஒன்றை எடுத்துப் பதினாறு பெயரையும் ஆங்கில எழுத்தில் ஏற்றினேன். பச்சை ஜெர்சி, மஞ்சள் காலர் வரைந்தேன். எதிலெல்லாம் மாட்டிக்கொண்டேன் என்றால்:

ஜெர்சி படத்தை மாற்றினால் ஆட்டத்தில் பழைய வெள்ளைச் சட்டையே வருகிறது. ஒரு தடவை மட்டும் வந்தது, அதுவும் பச்சை போய் ஊதாவும் ஆரஞ்சுமாகக் கலங்கிப்போய்.

அடுத்தது, முதுகில் பெயர். அப்பா தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு வரை படித்தவர். ஆங்கில எழுத்தைக் கூட்டிப் படிப்பதற்குள் ஆள் ஓடிவிடுகிறான். தமிழிலேயே பெயர் வந்தால் யார் யார் என்று அவருக்கே தெரியும். நிஜ ஜெர்சியில் பெயரே கிடையாது, நம்பர் மட்டும்தான், அது எனக்குத் தெரியும். இது அப்பாவுக்காக.

மூன்றாவது, கூட்டத்தின் சத்தம். இறுதி ஆட்டம் என்றால் எங்கள் திடலில் உறுமி மேளம் இல்லாமல் இருக்காது. அதை உள்ளே கொண்டுவர முடியுமா?

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். போன வருஷமே பாதி வேலை முடித்திருந்தேன். லேப்டாப் விசிறி சத்தம் போடுகிறது என்று ஒரு கடையில் கொடுத்தேன். ஒரு வார்த்தை கேட்காமல் ஃபார்மட் செய்து திருப்பிக் கொடுத்தார்கள். மூன்று மாத வேலை போய்விட்டது. திரும்ப முதலிலிருந்து தொடங்குகிறேன், அதனால் இந்தத் தடவை தெரிந்தவர்களைக் கேட்டுக்கொண்டே செய்கிறேன்.

---

கோல்கம்பம் (சுங்கை சிப்புட்):

தம்பி, நல்ல காரியம். முதலில் ஜெர்சியை முடிப்போம், அது சின்ன வேலைதான்.

நிறம் கலங்குவதற்குக் காரணம் படம் அல்ல, படத்தை நீங்கள் சேவ் செய்த விதம். பெஸ் 6 ஜெர்சிப் படத்தில் 256 நிறம்தான் இருக்கலாம். அந்த 256ஐயும் ஒரு நிறப்பட்டியலாகப் படத்துக்குள்ளேயே வைத்திருக்கும். நீங்கள் ஜிம்ப் மாதிரி மென்பொருளில் வரைந்து அப்படியே பிஎன்ஜி ஆக்கினால் லட்சக்கணக்கில் நிறம் இருக்கும், பட்டியல் இருக்காது. ஜிம்பில் 'மோட்' மெனுவுக்குப் போய் 'இன்டெக்ஸ்ட்' என்று மாற்றி, 256 என்று கொடுத்து, அப்புறம் சேவ் செய்யுங்கள். மூலப்படத்தை வேறு பெயரில் தனியாக வைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் இன்டெக்ஸ்ட் ஆக்கின படத்தில் திரும்பத் திருத்தம் செய்தால் ஓரமெல்லாம் பல்பல்லாக வரும்.

சட்டையே மாறாமல் வெள்ளையாக வருவது வேறு பிரச்சினை. கிட்சர்வரின் ஜிடிபி ஃபோல்டருக்குள் 'யூனி' என்று ஒன்று இருக்கும், அதில் 'மேப்' என்ற டெக்ஸ்ட் கோப்பு. ஒவ்வொரு வரியிலும் முதலில் அணியின் நம்பர், பிறகு ஒரு காற்புள்ளி, பிறகு அந்த அணியின் ஃபோல்டர் பெயர். அந்த நம்பர் தப்பாக இருந்தால் நீங்கள் எத்தனை சட்டை தைத்தாலும் வேறு அணிதான் போட்டுக்கொள்ளும். போய் மற்ற அணிகளைத் திறந்து பாருங்கள், யாராவது ஒருவர் உங்கள் பச்சைச் சட்டையோடு நிற்பார்கள்! அணி ஃபோல்டருக்குள் ஆட்டக்காரருக்கு இரண்டு, கோல்கீப்பருக்கு இரண்டு என்று நாலு ஃபோல்டர் வேண்டும். உங்கள் அப்பாவின் சட்டை கோல்கீப்பர் ஃபோல்டரில் தனியாகப் போக வேண்டும், மறந்துவிடாதீர்கள்.

ஆட்டத்தை எங்கே இன்ஸ்டால் செய்தீர்கள்? 'புரோகிராம் ஃபைல்ஸ்' உள்ளே என்றால் எடுத்து டி டிரைவில் போடுங்கள். விண்டோஸ் 10, 11 அந்த ஃபோல்டருக்குள் யாரும் கை வைக்க விடாது. நீங்கள் மாற்றியதாக நினைப்பீர்கள், அது மாறியிருக்காது.

கடைசியாக, உங்களுக்கு நடந்தது எனக்கும் நடந்திருக்கிறது. பெயர், நம்பர், திறமை எண் எல்லாம் ஆப்ஷன் ஃபைல் என்ற ஒரே கோப்பில்தான் இருக்கிறது. 'டாக்குமென்ட்ஸ்' உள்ளே கொனாமி ஃபோல்டர், அதற்குள் 'சேவ்'. சின்னக் கோப்பு. தினமும் வேலை முடிந்ததும் உங்கள் போனுக்கு அனுப்பிவையுங்கள். ஒன்டிரைவ் ஓடிக்கொண்டிருந்தால் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரே இரண்டு இடத்தில் இருக்கும், எதில் இன்றைய தேதி இருக்கிறதோ அதுதான் உண்மையானது.

---

ரவாங்_10:

வேலை கெட்டுப்போகாமல் இருக்க ஒரு யோசனை. 2021 பெஸ்ஸுக்கும் மாட் (ரசிகர்கள் செய்த மாற்றங்கள்) நிறைய இருக்கிறது, படமும் தெளிவு, முகமும் நிஜமாக வரும். கொனாமி அதற்கப்புறம் ஈஃபுட்பாலுக்குப் போய்விட்டது, ஆனால் 2021 இன்னும் ஆடுகிறார்கள். இருபது வருஷப் பழைய ஆட்டத்தோடு ஏன் மல்லுக்கட்ட வேண்டும்?

---

நாலாம்டிவிஷன்:

கோல்கம்பம் அண்ணே, சட்டை வந்துவிட்டது! நீங்கள் சொன்ன மாதிரியே பக்கத்து காலி அணி எங்கள் பச்சையைப் போட்டுக்கொண்டு நின்றது. மேப் கோப்பில் நம்பர் ஒன்று தள்ளியிருந்தது. ரொம்ப நன்றி.

ரவாங் சகோதரரே, நல்ல எண்ணத்தில்தான் சொல்கிறீர்கள், ஆனால் அப்பாவுக்குத் தெரிந்தது இந்த ஆட்டம்தான். நான் இடைநிலைப்பள்ளியில் படிக்கும்போது பசார் மாலாமில் (இரவுச் சந்தையில்) வாங்கின வின்னிங் இலெவன் (பெஸ்ஸின் ஜப்பான் பெயர்) டிஸ்கைப் போட்டு ஆடுவேன். அப்பா வேலை விட்டு வந்து பின்னால் நாற்காலியில் உட்காருவார். கண்ட்ரோலரைத் தொடமாட்டார். எதிராளி தனியாகப் பந்தோடு வந்தால் மட்டும் "முக்கோணம்! முக்கோணத்தை அமுக்கு!" என்று எழுந்துவிடுவார். முக்கோணத்தை அமுக்கினால் கோல்கீப்பர் முன்னால் ஓடி வருவான், அது ஒன்றைத்தான் அவர் கற்றுக்கொண்டார். இன்டர் மிலானின் அட்ரியானோ பந்தைத் தொட்டாலே அப்பா பல்லைக் கடிப்பார், அவனுக்கு உதை பலம் 99. புது ஆட்டங்களைக் காட்டிப் பார்த்தேன், பத்து நிமிஷத்தில் தூங்கிவிட்டார். பந்து புல்லில் உருளும்போது அதற்கு ஒரு கனம் இருக்கிறது என்று பெஸ் 6ஐப் பற்றித்தான் சொல்வார். எனக்கும் அப்படியே.

தமிழ் எழுத்து விஷயம் யாருக்காவது தெரியுமா?

---

அச்சுக்கூடத்து_அக்கா (கிள்ளான்):

தம்பி, எனக்குப் பந்தாட்டம் ஒன்றும் தெரியாது. என் மகன் இந்தப் பக்கத்தைக் காட்டி "அம்மா, இது உங்க வேலை" என்றான். நான் இருபது வருஷமாகக் கல்யாண அட்டைக்கும் திருவிழா நோட்டீசுக்கும் தமிழ் அடிக்கிறவள். அதனால் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன், ஆட்டத்துக்குள் எப்படிப் போடுவது என்பதை அவன் பார்த்துச் சொன்னான்.

யூனிகோடு வருவதற்கு முன்னால் நாங்கள் தமிழ் அடித்தது எப்படித் தெரியுமா? கம்ப்யூட்டருக்குத் தமிழே தெரியாது. ஆங்கில எழுத்தின் கட்டத்துக்குள் தமிழ் எழுத்தின் படத்தை வைத்துவிடுவார்கள். நாம் ஆங்கில விசையைத் தட்டுவோம், திரையில் தமிழ் வரும். பாமினி எழுத்துருவெல்லாம் அப்படித்தான். உங்கள் ஆட்டமும் அதே நிலையில்தான் இருக்கிறது. அதற்குத் தமிழ் கற்றுக்கொடுக்க முடியாது, ஆனால் ஏமாற்றலாம்.

மகன் சொல்கிறான், ஜெர்சி ஃபோல்டரில் 'ஃபான்ட்' என்று ஒரு படம் இருக்கிறதாம். அதில் ஆங்கிலப் பெரிய எழுத்துகள் கட்டம் கட்டமாக நிற்கும். முதுகில் பெயர் எழுதும்போது ஆட்டம் அந்தக் கட்டங்களைத்தான் எடுத்து ஒட்டுகிறது. ஒவ்வொரு அணிக்கும் தனிப் படம் என்பதால் உங்கள் அணிக்கு மட்டும் மாற்றினால் போதும், மற்ற அணிகள் கெடாது. ஆட்டக்காரரின் பெயர் வேறு, முதுகுப் பெயர் வேறு என்று இரண்டு இடம் இருக்கிறதாம். பெயரை ஆங்கிலத்தில் விட்டுவிடுங்கள். முதுகுப் பெயரில் மட்டும் உங்கள் ரகசியத் தட்டச்சு.

இப்போது கணக்கு. கட்டம் 26தான். தமிழில் 247 எழுத்து என்று பயப்பட வேண்டாம், நமக்கு வேண்டியது அந்தப் பதினாறு பெயரில் வருகிற துண்டுகள் மட்டும். அச்சுக்கோர்க்கிற மாதிரி யோசியுங்கள். 'கோபால்' என்றால் இரட்டைக்கொம்பு, க, கால், ப, கால், ல். ஆறு தட்டு, ஆனால் கால் ஒரே கட்டம் என்பதால் ஐந்து கட்டம். கொம்பு எழுத்துக்கு முன்னால் வரும், கால் பின்னால் வரும், அதனால் இடமிருந்து வலமாக அப்படியே தட்டிக்கொண்டு போகலாம். 'மாரிமுத்து' என்றால் ம, கால், ரி, மு, த், து. இதில் கால் ஏற்கெனவே இருக்கிறது. ரி, மு, து எல்லாம் தனித்தனி அச்சு, அவற்றைப் பிரிக்க முடியாது. புள்ளியையும் பிரிக்காதீர்கள். அதற்குத் தனிக் கட்டம் கொடுத்தால் எழுத்தின் தலைமேல் உட்காராமல் பக்கத்தில் போய் நின்றுவிடும்.

ஒரு நோட்டை எடுத்துப் பதினாறு பெயரையும் எழுதி, எத்தனை அச்சு வருகிறது என்று எண்ணுங்கள். எழுத்தைத் தடித்த வடிவில் வையுங்கள். மெல்லிய கோடு அந்தச் சின்னப் படத்தில் உடைந்துபோகும், முக்கியமாக 'ணி', 'ழு' மாதிரி சுழி உள்ளவை. முதலில் ஒரே ஒரு பெயரைப் போட்டு, ஆட்டத்தில் ஆளின் முதுகை நெருக்கமாகப் பார்த்துவிட்டு மற்றவற்றைச் செய்யுங்கள்.

---

நாலாம்டிவிஷன்:

அக்கா, உங்களை எப்படிப் பாராட்டுவது என்றே தெரியவில்லை. அப்பாவிடம் படித்துக் காட்டினேன், "அந்தப் பிள்ளைக்கு மூளை" என்றார்.

எண்ணிப் பார்த்தேன். முழுப் பெயராகப் போட்டால் 38 கட்டம். சின்னசாமி, வீரையா, பெருமாள், ஸ்டீபன் என்று ஒவ்வொருவரும் இரண்டு மூன்று புது அச்சு கொண்டுவருகிறார்கள். ஸ்டீபனுக்கு மட்டும் நாலு. என்ன செய்வது என்று யோசித்துக்கொண்டிருக்கும்போது அப்பாதான் கேட்டார், "திடல்ல யாருடா முழுப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டா?"

அப்புறம் படத்தை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொருவராகச் சொன்னார். இடது ஓரத்தில் ஆடியவர் சிட்டு. சென்டர்ஹாஃப் கட்டை. வீரையா மாமாவைத் திடலில் மணி என்றுதான் கூப்பிடுவார்களாம். இடுப்பில் எப்போதும் சாவிக்கொத்து கிலுங்கும் என்பதால் அந்தப் பெயர். ஸ்டீபன் மாமா சாமி. அவர் தேவாலயத்தில் பாடுவார் என்பதால் அந்தப் பெயர். "உங்களை?" என்று கேட்டேன். கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. அம்மா அடுப்படியிலிருந்து சொன்னார்: "கதவு." நாற்பது வருஷமாக எங்களில் யாருக்கும் தெரியாத பெயர். கதவு என்றால் மூன்று கட்டம்தான்.

பதினாறு பேருக்கும் சேர்த்து 25 கட்டத்தில் முடிந்தது. ஒன்று மிச்சம்.

இன்னொரு விஷயம், இது கேள்வி இல்லை, சொல்லத் தோன்றுகிறது. திறமை எண்களையும் அப்பாவை வைத்துத்தான் போட்டேன். ஒன்றிலிருந்து 99 வரை, 95 வந்தாலே சிவப்பு எழுத்தில் வரும். நான் அவருக்குக் கோல்கீப்பிங் 88 என்று போட்டேன். குறைக்கச் சொன்னார். 80க்குக் கொண்டுவந்தேன், இன்னும் குறைக்கச் சொன்னார். 74ல் நின்றார். உயரப் பந்துக்கு எழும்புவது மட்டும் 90 வைத்துக்கொள்ளச் சொன்னார், "அது உண்மை" என்று. சிட்டு மாமாவுக்கு வந்ததும் எண்ணைச் சொல்லவில்லை. அவர் நாலரை மணிக்குப் பெரட்டுக்கு நிற்பார், நிரையை வெட்டி முடித்து, மத்தியானம் இரண்டு வாளிப் பாலைத் தூக்கிக்கொண்டு பால் கொட்டகைக்கு நடப்பார், ஐந்து மணிக்குத் திடலில் முதல் ஆளாக நிற்பார் என்று சொல்லிவிட்டு, "இதுக்கு எவ்வளவு போடுவே?" என்று கேட்டார். ஸ்டாமினா 99 போட்டேன். சிவப்பாக வந்தது. அப்பா தலையை ஆட்டினார்.

நம்பரையும் படத்தைப் பார்த்தே வரைந்தேன். அப்போது அம்மாதான் வெள்ளைத் துணியில் நம்பர் வெட்டி ஒவ்வொரு சட்டையிலும் தைத்தாராம். படத்தில் சிட்டு மாமாவின் 7 இடப்பக்கம் சாய்ந்திருக்கிறது. நம்பர் படத்திலும் 7ஐச் சாய்த்து வைத்துவிட்டேன். இதனால் 17ஆம் நம்பரின் 7ம் சாய்கிறது, இருக்கட்டும்.

உறுமி மட்டும் பாக்கி. ஆட்டத்தின் ஏஎஃப்எஸ் கோப்புகளைத் திறக்கும் ஏஎஃப்எஸ் எக்ஸ்ப்ளோரரில் கூட்டத்தின் சத்தத்தை எடுத்துவிட்டு என்னுடையதைப் போட்டேன். ஆட்டம் ஆரம்பிக்கிற இடத்திலேயே நின்றுபோய் டெஸ்க்டாப்புக்கு வந்துவிடுகிறது.

---

தைப்பிங்_உறுமி:

அண்ணே வணக்கம். நான் உறுமி மேளக் குழுவில் அடிக்கிறேன், பெஸ் 6க்குச் சத்தமும் மாற்றியிருக்கிறேன். இரண்டும் தெரிந்த ஆள் என்பதால் எழுதுகிறேன்.

ஆட்டம் விழுவது கோப்பின் அளவால். ஏஎஃப்எஸ் என்பது ஒரு லயம் மாதிரி, ஒவ்வொரு கோப்புக்கும் ஒரு வீடு, சுவரோடு சுவர் ஒட்டியிருக்கும். உங்கள் கோப்பு பழையதைவிடப் பெரிதாக இருந்தால் பக்கத்து வீட்டுக்குள் போய்விடும். ஏஎஃப்எஸ் எக்ஸ்ப்ளோரரிலேயே இடத்தைக் கூட்டி முழு ஏஎஃப்எஸ்ஸையும் மறுபடி உருவாக்கும் வசதி இருக்கிறது, அதைச் செய்யுங்கள். செய்வதற்கு முன் பழைய கோப்பைக் கண்டிப்பாகக் காப்பி எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது, சத்தம் ஏடிஎக்ஸ் வகையில் இருக்க வேண்டும். எம்பி3யின் பெயரை மட்டும் மாற்றிப் போட்டால் எடுக்காது. அடாசிட்டி என்ற ஒலி மென்பொருளில் வேவ் ஆக்கி, அப்புறம் ஏடிஎக்ஸ் ஆக்குங்கள். பழைய கோப்பின் சாம்பிள் ரேட் என்னவோ அதையே வையுங்கள், மோனோ என்றால் மோனோ. இல்லாவிட்டால் மேளம் இழவு வீட்டு மேளம் மாதிரி மெதுவாகிவிடும், அல்லது பொம்மை மாதிரி ஓடும். முடிவும் தொடக்கமும் சேருகிற இடத்தைச் சரியாகத் தாளத்தில் வெட்டுங்கள். அந்தச் சத்தம் சுற்றிச் சுற்றி வரும், அரை அடி தவறினாலும் நம் ஆட்களுக்கு உடனே தெரிந்துவிடும்.

இப்போது முக்கியமானது. உறுமியில் ஒரு பக்கம் வளைந்த குச்சியால் தேய்க்கிறோம், மறு பக்கம் அடிக்கிறோம். அந்தத் தேய்ப்பில் வரும் இழுப்புதான் உறுமிக்கு உயிர். அது ரொம்பக் கீழே இருக்கிற சத்தம், லேப்டாப் ஸ்பீக்கரில் காணாமல் போய்விடும், தவில் அடி மட்டும்தான் டக்டக்கென்று கேட்கும். தீபாவளி அன்று பெரிய ஸ்பீக்கரில் மாட்டுங்கள். பதிவு செய்யும்போது போனை மேளத்துக்குப் பக்கத்தில் வைக்காதீர்கள். திடலில் நீங்கள் கேட்டது தூரத்தில்தானே? முப்பது அடி தள்ளி வையுங்கள். எங்கள் குழு ஒரு கோயில் திருவிழாவில் அடித்ததைத் தூரத்திலிருந்து எடுத்த பதிவு என்னிடம் இருக்கிறது, வேண்டுமென்றால் அனுப்புகிறேன். காசெல்லாம் வேண்டாம்.

---

கோல்கம்பம் (சுங்கை சிப்புட்):

தம்பி, நீங்கள் கேட்கவில்லை, ஆனால் இவ்வளவு தூரம் வந்துவிட்டீர்கள், திடலையும் செய்துவிடுங்கள். முழு ஸ்டேடியத்தை வரைய வேண்டாம், அது மாதக் கணக்கில் ஆகும். இருப்பதில் சின்ன ஸ்டேடியமாக ஒன்றை எடுத்து, புல்லின் படத்தை மட்டும் மாற்றுங்கள். இரண்டு கோல்கம்பத்துக்கு முன்னாலும் செம்மண் தெரிகிற மாதிரி வழுக்கை விழ வையுங்கள். தோட்டத்துத் திடல் எல்லாவற்றுக்கும் அந்த வழுக்கைதான் அடையாளம். உங்கள் அப்பா நின்று நின்று தேய்த்த இடம் அது.

பகல், இரவு, மழை என்று ஒவ்வொன்றுக்கும் தனிக் கோப்பு இருக்கும். எல்லாவற்றையும் மாற்றிக்கொண்டிருக்காதீர்கள். பகல், மழையில்லாத நேரம், அது ஒன்றை மட்டும் மாற்றி, தீபாவளி அன்று அதையே தேர்ந்தெடுத்து ஆடுங்கள். தோட்டத்தில் யார் இரவில் விளக்கு போட்டு ஆடினார்கள்?

---

நாலாம்டிவிஷன்:

எல்லாம் சேர்ந்துவிட்டது. நேற்று இரவு அப்பாவுக்கு மட்டும் போட்டுக் காட்டினேன்.

தைப்பிங் தம்பி அனுப்பிய உறுமி, பகல் வெயில், செம்மண் வழுக்கை. இங்கிலீஷ் வர்ணனை இன்னும் ஓடுகிறது. பீட்டர் பிராக்லியும் டிரெவர் புருக்கிங்கும் பேசிக்கொண்டேதான் இருக்கிறார்கள், அதை இந்த வருஷம் விட்டுவிடுகிறேன். பந்து உதைப்பதற்கு முன் ஆட்டக்காரர்கள் வரிசையாக நிற்பார்கள் அல்லவா, அங்கே நிறுத்திவிட்டுக் கேமராவைப் பின்பக்கம் திருப்பினேன். அப்பா நாற்காலியிலிருந்து எழுந்து திரைக்குப் பக்கத்தில் போனார். விரலை வைத்து ஒவ்வொரு முதுகாகப் படித்தார். கட்டை, மணி, சாமி, சிட்டு. 'கதவு'க்கு வந்ததும் விரலை எடுத்துக்கொண்டார்.

அப்புறம் திரும்பி, "7 இன்னும் கொஞ்சம் சாயணும்" என்றார். அம்மா வந்து பார்த்துவிட்டு அவ்வளவெல்லாம் சாயவில்லை என்றார். இரண்டு பேரும் குழுப்படத்தை எடுத்து வைத்துக்கொண்டு இன்று காலை வரை பேசிக்கொண்டிருக்கிறார்கள். நான் இன்னும் மூன்று டிகிரி சாய்த்து வைத்திருக்கிறேன்.

இப்போது ஒரு புதுப் பிரச்சினை. எதிரணியாக யாரை நிறுத்துவது? ஆர்சனலை நிறுத்தினேன், அப்பாவுக்குப் பிடிக்கவில்லை. "நாங்க எப்படா அவங்களோட ஆடினோம்?" என்கிறார். இன்னும் 17 காலி அணி இருக்கிறது. ஈஜோக், புக்கிட் ரோத்தான், கோலசிலாங்கூர் பக்கத்துத் தோட்டங்களில் எண்பதுகளில் ஆடியவர்கள் வீட்டில் இருந்தால், ஜெர்சி என்ன நிறம், காலர் எப்படி, யார் என்ன நம்பர், திடலில் என்ன பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள் என்று கேட்டு எழுதுங்கள். படம் இருந்தால் போனில் எடுத்து அனுப்புங்கள், மங்கியிருந்தாலும் பரவாயில்லை. தீபாவளிக்கு இன்னும் ஐந்து வாரம் இருக்கிறது, இரண்டு அணியாவது செய்துவிடுவேன்.

---

ரவாங்_10:

அண்ணே, முதலில் நான் சொன்னதை விட்டுவிடுங்கள். என் தாத்தா ஈஜோக் பக்கத்துத் தோட்டத்தில் ரைட்பேக். வெள்ளைச் சட்டை, நெஞ்சில் குறுக்கே சிவப்புப் பட்டை, கறுப்புக் கால்சட்டை. கோல்கீப்பருக்குச் சட்டை கிடையாதாம், வீட்டிலிருந்து சொந்தமாக ஒரு நீலக் கம்பளிச் சட்டை போட்டு வருவாராம். பெயர்களைத் தாத்தா சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டிருக்கிறேன், ஒன்பது வந்திருக்கிறது. நாலாம் டிவிஷனில் சாய்ந்த 7 போட்ட ஆள் தனக்கு ஞாபகம் இருக்கிறது என்கிறார், அவரை மறிப்பதற்கென்றே தன்னை அந்த ஓரத்தில் நிறுத்துவார்களாம். மிச்சத்தை ஞாயிற்றுக்கிழமை அனுப்புகிறேன்.